கல் ரயிலின் படத்தில் இல்லாத முகம்

ரயிலுக்கு நேரமிருக்கிறது. புதுச்சேரி நிலையத்தருகே ஒரு கூடத்தில் கருங்கல் ஏற்றிவந்த கூட்ஸ் ரயிலின் வரலாற்றைப் படங்களாக மாட்டியிருக்கிறார்கள். ஒரு படத்தில் பெண்கள் வேகனிலிருந்து கல் இறக்குகிறார்கள். பக்கத்தில் நிற்கும், தவளக்குப்பத்திலிருந்து வந்ததாகச் சொன்ன ஒரு அக்கா அதில் ஒருத்தியைத் தொட்டுக் காட்டுகிறார்.

"இது நான்தான் தம்பி. வேல செஞ்சதுக்கு ஆதாரம் குடுத்தாதான் பென்சனாம். இந்த போட்டோவச் சொன்னா, மூஞ்சி எங்கன்னு கேக்கறாரு ஆபீசரு."

கல்தூசிக்காக எல்லோருமே முந்தானையால் முகத்தை மூடியிருக்கிறார்கள்.

"கீழ எங்க பேரு போட்டிருக்குதா, படி."

எங்கள் வீட்டில் முதலில் படித்தவன் நான். படிக்கிறேன். என்ஜினுக்குப் பெயர் இருக்கிறது, வேகனுக்கு எண் இருக்கிறது, மேஸ்திரிக்கும் பெயர் இருக்கிறது.

"இல்லக்கா."

"மூஞ்சிய மூடாம அந்த ஆபீசர ஒரு வேகன் எறக்கச் சொல்லு."

என் ரயில் போகட்டும். அதை அவரிடமே சொல்ல, அக்காவோடு பென்சன் ஆபீசுக்கு நடக்கிறேன்.