மச்சான் கண்ட இரண்டு சனிகள்

என் அக்கா வீட்டுக்காரரின் வலது கண்ணில் புரை முற்றியிருந்தது. அரசாங்க ஆஸ்பத்திரியில் இரண்டு முறை ஆபரேஷனுக்குத் தேதி கொடுத்தார்கள். இரண்டு முறையும் அவர் போகவில்லை. ஏன் என்று கேட்டால் வானத்தைக் காட்டுவார். மகர ராசிக்காரர். ஏழரைச் சனி முடியாமல் உடம்பில் கத்தி படக்கூடாதாம்.

அதுதான் முடிந்துவிட்டதே என்று யாராவது சொன்னால் அதற்கும் பதில் வைத்திருந்தார். ஒரு பஞ்சாங்கப்படி சனி பெயர்ந்து மாதக்கணக்காகிவிட்டது. இன்னொரு பஞ்சாங்கப்படி பெயர இன்னும் மாதக்கணக்கு இருக்கிறது. "எதுக்கு லா வம்பு? ரெண்டும் முடியட்டும்" என்பார். மனிதர் வேறு எதிலும் இவ்வளவு எச்சரிக்கையாக இருந்து நான் பார்த்ததில்லை. டயர் வழுக்கையாகி உள்ளே நூல் தெரியும்வரை என் கடைப் பக்கம் தலைகாட்டமாட்டார்.

அந்த டயர்கள் ஓடுவது ஒரு பள்ளிக்கூட வேனில். எங்கள் தாமான் குடியிருப்பில் காலை ஆறு மணி இருட்டில் பன்னிரண்டு பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு, எதிரே வரும் லாரி விளக்குகளுக்குள் ஓட்டிப்போவார். அக்கா ஒருநாள் கடைக்கே வந்துவிட்டாள்.

"தம்பி, தேத்தண்ணி ஊத்துனா கப்புல பாதி, மேசைல பாதி. பயமா இருக்கு. நான் சொன்னா கேக்க மாட்டேங்குறாரு. நீதான் கிரகத்தையெல்லாம் படிக்கிறியே, ஏதாச்சும் செய்யேன்."

படிப்பு என்பது பெரிய வார்த்தை. ஈப்போ பக்கம் லகாட்டில் டயர் கடை வைத்திருப்பவன் நான். ஐந்தாம் பாரத்தோடு பள்ளிக்கூடமும் நானும் கைகுலுக்கிப் பிரிந்தோம். கைபேசியிலும் நூலகத்திலும் பொறுக்கியதுதான் மிச்சமெல்லாம். டெலஸ்கோப்கூட, டயர் மாற்ற வந்த ஒரு சீன வாத்தியார் கொடுத்தது. ஈப்போ மேகங்களோடு பல வருஷம் சண்டை போட்டுத் தோற்று, என் தலையில் கட்டிவிட்டுப் போனார்.

அன்று முதல் கடைக்கு வருகிறவர்களை நான் விடுவதில்லை. சனிக்கு இருநூற்றெழுபதுக்கு மேல் நிலா என்பேன். அதன் பெரிய நிலாவில் தண்ணீர் மழை இல்லை, எரிவாயுதான் குளிரில் திரவமாகி மழையாகப் பெய்கிறது, ஏரியாகத் தேங்கி நிற்கிறது என்பேன். ஒரு லாரிக்காரர் பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சொன்னார்: "அப்ப அங்க சமையலுக்கு கேஸ் தோங் மாத்துற வேலை இல்ல லா, அண்ணே. சரி, பின் சக்கரத்துக்குக் காத்து பாத்தீங்களா?" எங்கள் ஊரில் அறிவியல் பரவும் வேகம் அது.

அக்கா சொன்னதற்காக, சனி வெறும் கோள்தான் என்று மச்சானுக்குக் காட்டிவிட, ஒரு சனிக்கிழமை சாயங்காலம் டெலஸ்கோப்பைக் கோயில் கார் நிறுத்துமிடத்துக்குக் கொண்டுபோனேன். எள் விளக்குப் போட எல்லோரும் வரும் நாள். சுங்காய்ப் பக்கம் ரப்பர் தோட்டத்தில் இருந்தபோது எங்களை ஆட்டிவைக்க, கணக்கெழுதும் ஒரு கிராணியும் வேலை வாங்கும் ஒரு மண்டோரும் போதுமாக இருந்தார்கள். டவுனுக்கு வந்து சொந்த வீடு, சொந்த வண்டி என்று ஆனபிறகு ஒன்பது பேர் தேவைப்பட்டார்கள். கோயிலைப் பெரிதாக்கியபோது முதலில் கட்டியது நவக்கிரக மேடைதான்.

மழை விட்டு வானம் கழுவினாற்போல் இருந்தது. சனியைப் பிடித்துவிட்டேன். கூட்டம் வந்தது, ஆனால் கிட்டே வரவில்லை. கோயில் தலைவர் கையை நீட்டித் தடுத்தார்.

"சனிய நேருக்கு நேர் பாக்கக்கூடாது. உள்ளயே நாம ஒதுங்கி நின்னுதான் கும்பிடுறோம். நீ என்னடான்னா பெருசாக்கிக் காட்டுறேங்குற!"

நான் தயாரித்து வைத்திருந்த நாற்பது நிமிஷப் பேச்சு சட்டைப்பையிலேயே நின்றது. காப்பாற்றியது கோயில் வாசலில் குவே பலகாரம் விற்கும் அக்கா. அவர் டெலஸ்கோப்பை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார். குழாயின் வாய் வானத்தைப் பார்த்திருந்தது. கண் வைக்கும் துளையோ குழாயின் பக்கவாட்டில் இருந்தது.

"தலைவரே, இது சைட்லருந்துதான பாக்குறோம்? நேரா இல்லையே. அப்ப பரவால்ல லா."

தலைவர் யோசித்தார். தலையாட்டினார். குழாய்க்குள் சாய்த்து வைத்திருந்த ஒரு சின்னக் கண்ணாடி எங்கள் சாஸ்திரத்தையும் என் மானத்தையும் சேர்த்துக் காப்பாற்றிவிட்டது. ஐந்து நிமிஷத்தில் அர்ச்சனைக்கு நிற்பதைவிட நீளமான வரிசை.

முதலில் பார்த்தது குவே அக்காதான். போன வருஷம் இரண்டு கண்ணிலும் ஆபரேஷன் செய்துகொண்டவர். "ஐயோ, குச்சில குத்துன சத்தே கறி மாதிரி இருக்கு! ஒத்த உருண்டை!" இந்த வருஷம் சனியின் வளையம் நமக்கு விளிம்பை மட்டும் காட்டி ஒரு கோடாகத்தான் தெரியும். அவர் சொன்னதைவிட நல்ல வர்ணனை எந்தப் புத்தகத்திலும் நான் படித்ததில்லை. "பக்கத்துல ஒரு புள்ளி வேற இருக்கு." அதுதான் அந்தப் பெரிய நிலா என்றேன். "கேஸ் மழையா? சரி சரி" என்று நகர்ந்தார்.

அப்புறம் மச்சான் வந்தார். வலது கண்ணை வைத்தார். வெகுநேரம் பார்த்தார். நிமிர்ந்தபோது முகத்தில் அப்படி ஒரு வெற்றி.

"மச்சான், ரெண்டு இருக்கு!"

"என்ன ரெண்டு?"

"சனி! ஒண்ணு மேல, ஒண்ணு கொஞ்சம் கீழ. நான்தான் சொன்னேன்ல? ரெண்டு பஞ்சாங்கமும் சரிதான்!"

கார் நிறுத்துமிடமே சிரித்தது. மச்சானும் சிரித்தார், தன் கட்சி ஜெயித்த சிரிப்பு. சிரிக்காத ஒரே ஆள் அவருக்கு அடுத்து வரிசையில் நின்ற பெண். அவர் மகள் மச்சானின் வேனில்தான் பள்ளிக்குப் போகிறாள். அந்தப் பெண் குனிந்து பார்த்தார். நிமிர்ந்தார்.

"அண்ணே, எனக்கு ஒண்ணுதான் தெரியுது. உங்களுக்கு ரோட்டுலயும் லைட்டெல்லாம் ரெண்டு ரெண்டாதான் தெரியுதா?"

சிரிப்பு அடங்கியது. மச்சான் என் டெலஸ்கோப்பைப் பார்த்தார். "இது பழசு... சீனன் குடுத்தது..." என்று ஆரம்பித்தார். யாரும் உதவிக்கு வரவில்லை. வரிசையில் பின்னால் நின்றவர்களில் இன்னும் மூன்று பேர் வேன் பிள்ளைகளின் அம்மாக்கள். அவர் ஓட்டுவது சரியில்லை என்று எல்லோருக்கும் முன்பே தெரியும். வேறு வேன் கிடைக்காது என்பதால் தெரியாத மாதிரி இருந்தார்கள். நான் மட்டும் என்ன? சொந்தக்காரர் என்பதால் அவர் டயரை மாற்றினேன், வாயைத் திறக்கவில்லை. சனியைக் கூப்பிட்டு வந்து சொல்லவைக்கவேண்டியிருந்தது.

"திங்கக்கிழமை என் மகள நானே கூட்டிட்டுப் போறேன்ணே" என்றார் அந்தப் பெண். மற்ற மூவரும் தலையாட்டினார்கள்.  அக்கா கணவரின் சட்டைப்பையில் கையைவிட்டு வேன் சாவியை எடுத்துத் தன் முந்தானையில் முடிந்துகொண்டாள்.

ஆபரேஷனுக்கு மூன்றாவது தேதி சீக்கிரமே கிடைத்தது. மச்சான் போனார். யாரும் தன்னை மிரட்டி அனுப்பவில்லை, சனீஸ்வரனே நேரில் தோன்றி உத்தரவு கொடுத்தார் என்று வார்டு முழுக்கச் சொல்லிவைத்தாராம். கண் ஆறும்வரை வேறொருவர் தினமும் அக்காவிடம் சாவி வாங்கி வேனை ஓட்டினார்.

கட்டெல்லாம் அவிழ்த்து, இனி ஓட்டலாம் என்று டாக்டர் எழுதிக் கொடுத்தபிறகு, மச்சான் அந்தக் கடிதத்தோடு அம்மாக்களிடம் போனார். அவர்கள் கடிதத்தை வாங்கிப் படித்துவிட்டு, சனிக்கிழமை கோயிலுக்கு வரச்சொன்னார்கள். என்னை டெலஸ்கோப்போடு.

அந்தப் பெண்தான் பக்கத்தில் நின்றார். "இடது கண்ண மூடுங்கண்ணே. நல்லா மூடுங்க. எத்தனை?"

"ஒண்ணு."

"குச்சி?"

"இருக்கு. ரொம்ப மெலிசு."

"புள்ளி எந்தப் பக்கம்?"

மச்சான் கண்ணை இன்னும் கிட்டே ஒட்டினார்.  கேஸ் மழை பெய்யும் அந்த நிலாவைப் பற்றி ஊரில் நான் எவ்வளவோ பேசியிருக்கிறேன். அது எந்தப் பக்கம் இருக்கிறது என்று ஒருவர்கூட இதுவரை அக்கறைப்பட்டதில்லை.

"வலது பக்கம். கொஞ்சம் தள்ளி."

அந்தப் பெண் குனிந்து சரிபார்த்தார். மற்ற மூவரும் முறையாகக் குனிந்து சரிபார்த்தார்கள். பிறகு அக்காவைப் பார்த்துத் தலையசைத்தார்கள். அக்கா முந்தானை முடிச்சை அவிழ்த்தாள்.

சாவியை வாங்கிக்கொண்ட மச்சான் என் காதருகே வந்தார். "ஒண்ணுதான் இருக்கு மச்சான். அப்ப எந்தப் பஞ்சாங்கம் சரி?"

"மொதல்ல வண்டிய கடைக்குக் கொண்டுவாங்க" என்றேன். "முன் டயரு ரெண்டும் நூல் தெரியுது."