ஏழாவது மதகு

ஒன்பதாம் வகுப்புப் படிக்கும்போது ஒரு மாரியில் நாவற்குடாவில் எங்கள் வீட்டுக்குள் வெள்ளம் வந்து மூன்று நாள் நின்றது. அடுத்த ஒழுங்கையோ அன்றைக்கே வடிந்துவிட்டது. அந்தத் தண்ணீர் எதற்குள்ளால் வாவிக்குப் போகிறது என்று அப்போதுதான் முதன்முதலாக யோசித்தேன். அன்றிலிருந்து, வீதிக்குக் கீழால் தண்ணீர் போகக் கட்டிய மதகு கண்ணில் பட்டால் ஒவ்வொன்றையும் படம் எடுத்து, அதன் சுவரில் எழுதியிருக்கும் இலக்கத்தோடு கொப்பியில் குறித்து வருகிறேன்.

எங்கள் வீதியில் ஆறாம் மதகு இருக்கிறது, எட்டாம் மதகும் இருக்கிறது. ஏழைத்தான் காணவில்லை. அது இருக்கவேண்டிய இடத்தில், மழைத்தண்ணீர் ஓடும் கானை ஒட்டி ஓர் உயர்ந்த மதில் நிற்கிறது.

போன கிழமை அந்த மதிலைப் படம் எடுத்தபோது வீட்டுக்காரர் வெளியே வந்தார்.

"ஆரு புள்ள உன்ன அனுப்பின?"

"ஒருத்தரும் இல்ல மாமா. மதகு தேடுறன்."

"கலியாண வயசில கானுக்குள்ள என்னத்தத் தேடுறாய்? இங்க மதகே இல்ல."

"அப்ப ஏழாம் இலக்கம் எங்க?"

"இலக்கம் எழுதினவனுக்கு எண்ணத் தெரியாது, புள்ள!"

சிரித்துக்கொண்டுதான் சொன்னார். ஆனால் நான் வீதி முனையில் திரும்பும்வரை கேற்றைப் பிடித்தபடி பார்த்துக்கொண்டே நின்றார். அவருக்கு என்னில் சந்தேகம், எனக்கு அவரில். மதகு அந்த மதிலுக்குக் கீழே அடைபட்டுக் கிடந்தால், வருகிற மாரிக்கும் அம்மா அரிசி மூட்டையைக் கட்டிலில்தான் ஏற்றவேண்டும்.

முதல் மழை பெய்ததும் அந்த மதிலடிக் கானில் ஒரு பை மஞ்சள் தூளைக் கரைத்துவிடுவேன். பிறகு சைக்கிளில் வாவிக் கரைக்குப் பறந்துபோய், தண்ணீர் மஞ்சளாக வருகிறதா என்று பார்க்கப்போகிறேன்.