மிளகு காயும் நாளில் வந்த வாரண்ட்

கேளாத கடனும் பாழ், பார்க்காத பயிரும் பாழ் என்பார்கள். பயிரைப் பார்க்க என் வீட்டுக்காரர் மலையிலேயே இருந்தார். கடனைக் கேட்கத்தான் நான் அலைய வேண்டியிருந்தது.

அவர் வேறொருத்தியோடு குடித்தனம் வைத்த பிறகு நான் மகளோடு கொல்லிமலையை விட்டு இறங்கி, காளப்பநாயக்கன்பட்டியில் ஒரு தையல் கடையில் சேர்ந்தேன். மாதாமாதம் ஜீவனாம்சம் தரச் சொல்லி நாமக்கல் கோர்ட்டில் உத்தரவானது. கொஞ்ச நாள் தந்தார், அப்புறம் நின்றுபோனது. மகள் அப்போது ப்ளஸ் டூ. பாக்கி ஃபீஸைக் கட்டினால்தான் ஹால் டிக்கெட் என்று பள்ளிக்கூடத்தில் சொல்லிவிட்டார்கள். வக்கீலம்மா மனுப் போட்டார். கோர்ட் வாரண்ட் அனுப்பியது.

வாரண்ட் போனது, வெறுங்கையோடு திரும்பியது. எங்கள் மலையில் போலீஸ் பைக் இரண்டு வளைவுக்கு அந்தப் பக்கம் வரும்போதே சத்தம் வந்து சேர்ந்துவிடும். மனுஷன் காப்பித் தோட்டத்துக்குள் புகுந்துகொள்வார்.

"ஆளு கேரளாவுக்குப் போயிட்டதா அவங்கம்மா சொல்றாங்கம்மா" என்றார் ஸ்டேஷன் ஏட்டு. மலைக்குக் கீழே சமவெளியிலிருந்து மாற்றலாகி வந்தவர்.

"கேரளாவும் இல்லீங்க, ஒண்ணும் இல்லீங்க. மிளகு காயப்போடட்டும் சார், அப்பப் போலாமுங்க."

"மிளகுக்கும் வாரண்டுக்கும் என்னம்மா சம்பந்தம்?"

"காயுற மிளகை உட்டுப்போட்டு எங்கூர்ல ஒருத்தரும் நகர மாட்டாங்க சார்."

அது நிஜம். பளிச்சென்று வெயில் அடிக்கும், திரும்பிப் பார்ப்பதற்குள் மேகம் இறங்கிவிடும். நனைந்த மிளகில் பூஞ்சணம் பிடித்தால் வியாபாரி தொடமாட்டார். பெற்ற தாயை நம்பிக்கூட விட்டுப் போகமாட்டார்கள்.

மிளகு பறித்துக் காயப்போட்டு நாலு நாளாகிறது என்று காதில் விழுந்த மறுநாளே ஏட்டோடு போனேன். பாறைமேல் தார்ப்பாய் விரித்து மிளகைக் கிளறிக்கொண்டிருந்தார் அவர். எங்களைப் பார்த்தார். காப்பித் தோட்டத்தைப் பார்த்தார். வானத்தைப் பார்த்தார். கால் நகரவில்லை.

மாமியார்தான் பாய்ந்து வந்தார். "கட்டுன புருசனைப் புடிச்சுக் குடுக்க வந்தியாடி? நீயெல்லாம் ஒரு பொம்பளையா?"

"பொம்பளையா இருக்கப்போயித்தான் அத்தே பஸ் புடிச்சு வந்தேன். ஆம்பளையா இருந்தா நானும் காப்பித் தோட்டத்துல குந்தியிருப்பேன்."

ஏட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டு சிரித்தார். அதற்குள் மேகம் இறங்கிவிட்டது.

"சார், இதை மட்டும் அள்ளிப் போட்டுட்டு வந்தர்றனுங்க" என்று கெஞ்சினார் அவர். ஏட்டு தலையாட்டினார். நான் போய்த் தார்ப்பாயின் மறுமுனையைத் தூக்கினேன்.

"நீ எதுக்குப் புடிக்கிற?"

"ஏனுங்க, நனைஞ்சா உங்களுக்கு மட்டுமா நட்டம்? எம்புள்ள பரீட்சை இதுக்குள்ளதான் கெடக்குது. நல்லா இழுத்துப் புடிங்க."

மிளகை மூட்டை கட்டி வீட்டுக்குள் போட்டுவிட்டுத்தான் கிளம்பினோம். பிரிந்த பிறகு நாங்கள் சேர்ந்து செய்த வேலை அது ஒன்றுதான்.

கோர்ட்டில் நீதிபதி, "கட்டுறீங்களா, ஜெயிலுக்குப் போறீங்களா?" என்று கேட்டார். இவர் கைகட்டி நின்று, "கூலிக்காரனுங்கய்யா, கையில ஒண்ணுமில்லீங்க" என்றார்.

"மிளகு இருக்குதுங்கய்யா. நானே கூட நின்னு மூட்டை கட்டிட்டுத்தான் வந்தேனுங்க" என்றேன்.

நீதிபதி அவரைப் பார்த்த பார்வையில் குனிந்த தலை நிமிரவில்லை. சாயங்காலத்துக்குள் கொழுந்தனார் மூட்டைகளை விற்றுப் பணத்தோடு ஓடிவந்தார். பாதிப் பாக்கி என் கைக்கு வந்தது. மீதிக்குத் தவணை போட்டார்கள். மறுநாள் பள்ளிக்கூடம் திறக்கும்போதே வாசலில் நின்று ஃபீஸைக் கட்டி, ஹால் டிக்கெட்டை மகள் கையில் கொடுத்தேன்.

தவணைத் தேதி வந்தது, பணம் வரவில்லை. மகள் பரீட்சைக்குக் கிளம்பிய காலையில் நான் நாமக்கல் பஸ் ஏறினேன்.

"மறுபடியுமா?" என்றார் வக்கீலம்மா.

"தராத மாசமெல்லாம் மனுப் போடலாமுங்களா?"

"போடலாம்மா. அலையணுமே?"

"அலையறது எம்பாடுங்க. நீங்க போடுங்க."