சஷ்டி விரதமும் சிப்பிப் பையும்

எண்பதுகளின் கடைசியில் லண்டன் மோர்டனில் இருந்தபோது செவ்வாய் மாலைகளில் தொல்லியல் வகுப்புக்குப் போய்வந்தேன். பகலெல்லாம் ரொட்டிக்கடையில் பாண் அடுக்கிய எனக்கு, எனக்கென்று இருந்தது அந்த ஒரு மாலைதான். அப்போது நடந்த பாடம் இடைக்கற்காலம். உழவு அறியாத அந்த மனிதர்கள் கடலோரத்தில் சிப்பியும் மீனும் தின்று, ஓடுகளையும் முட்களையும் குவித்துவிட்டுப் போயிருந்தார்கள். அந்தக் குவியலிலிருந்து அள்ளியதை ஆளுக்கொரு பையாகத் தந்த ஆசிரியை, அடுத்த வகுப்புக்குள் வகைபிரித்து வருபவர்களையே கோடையில் அகழாய்வுக்குக் கூட்டிப்போவேன் என்றார். எனக்குப் போயே ஆகவேண்டும்.

பையோடு வீட்டுக்கு வந்தால் கந்தசஷ்டி முதல் நாள். பாலும் பழமுமாக விரதம் இருந்த என் கணவர் வாசலிலேயே மறித்தார்.

"உது மச்சம், மீன் முள்ளு. விரத வீட்டுக்குள்ள கொண்டுவர ஏலாது."

"இதைத் திண்டவை செத்து ஆயிரக்கணக்கான வருசம்."

"பழசெண்டாலும் மீன் மீன்தானே?"

தோட்டத்துக் கொட்டிலில் போய் உட்கார்ந்தேன். குளிரில் விரல் விறைத்து, எடுத்த முள்ளெல்லாம் நழுவியது. அவர் குசினியில் பால் காய்ச்சும் சாட்டில் ஜன்னலால் எட்டிப் பார்ப்பார், போவார். அவருக்குப் பசி, எனக்குக் குளிர், இருவருக்கும் வீம்பு. சஷ்டி கடைசி நாள், வகுப்புக்கு இரண்டே நாள், இன்னும் பாதிப் பை மிச்சம். அழுகை வந்துவிட்டது.

அந்நேரம் பூசைச் சங்கு கேட்டது. பக்கத்து வீட்டு வெள்ளைக்காரருக்குப் பயந்து மெல்லத்தான் ஊதுவார். சேற்றுச் சப்பாத்தோடு உள்ளே போனேன்.

"இஞ்சேருங்கோ, உந்தச் சங்கு எந்தத் தோட்டத்தில காய்ச்சது?"

அவர் சங்கைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.  பிறகு தானே போய்ப் பையைத் தூக்கிவந்து, மஞ்சள் தண்ணீர் தெளித்து, குசினி மேசையில் பேப்பர் விரித்தார். "முள்ளை மட்டும் என்ர பக்கம் தள்ளாதையும்" என்று கண்ணாடியைப் போட்டுக்கொண்டு எதிரே உட்கார்ந்தார்.

நகக்கண் அளவான அந்தச் சிப்பியை முதலில் கண்டவர் அவர்தான். நடுவில் துளை. நூலில் கோத்து அணிந்த மணி என்று சொன்னேன். ஊரைவிட்டு வெளிக்கிட்ட அவசரத்தில் நான் தொலைத்த ஒற்றைத் தோடு அவருக்கு நினைவு வந்திருக்க வேண்டும்.

"ஆரோ ஒரு மனிசி இதைத் துலைச்சுப்போட்டு எவ்வளவு தேடியிருப்பா, பாவம்."

மச்சம் என்று வாசலில் மறித்ததைக் கையில் ஏந்திப்போய் முருகன் படத்துக்கு முன்னால், சங்குக்குப் பக்கத்தில் வைத்தார்.

"கோடைக்கு நீர் கட்டாயம் போம். அந்த மனிசி வேற என்னத்தைத் துலைச்சாவோ, ஆருக்குத் தெரியும்."