செவ்வந்தி கேட்ட கைப்பிடி

மைக்கில் "ஹலோ, ஹலோ" சொல்லிப் பார்க்கும்போதே செவ்வந்தி முன்வரிசையில் இருப்பார். கிராமசபை பதினொன்றுக்கு என்றால் பதினொன்றுக்கு வருகிற ஒரே ஆள். வயலிலிருந்து நேரே வருவதால் கெண்டைக்கால் வரை சேறு. நாற்காலி போட்டாலும் தரைதான்; நாற்காலியில் உட்கார்ந்தால் கேள்வி மறந்துபோகிறதாம்.

வயது ஐம்பத்திரண்டு. திருத்துறைப்பூண்டிக்குக் கிழக்கே, வாய்க்கால் முடிகிற இடத்தில் ஒன்றரை ஏக்கர் குத்தகை. தண்ணீர் ஊரில் எல்லோரையும் விசாரித்துவிட்டுக் கடைசியாகத்தான் இவரிடம் வரும். சில வருடம் வராது.

மருந்தடிக்க ட்ரோன் வந்தபோது ஊரே அண்ணாந்து பார்த்தது. இவர் மட்டும், காற்று திரும்பினால் மருந்து யார் குளத்தில் விழும் என்று கேட்டார். அதற்காக இவரை ட்ரோனுக்கு விரோதி என்று நினைத்துவிடாதீர்கள். இரண்டு தடவை அதை வைத்துத்தான் மருந்தடித்தார். "நல்லாத்தான் அடிக்குது. கேள்வி கேட்டா கோச்சுக்குமா என்ன?"

போன மாதக் கிராமசபைக்குத் தானியங்கி மதகுத் திட்டம் வந்தது. ஈரம், மழை, நீர்மட்டம் எல்லாவற்றையும் தானே பார்த்துத் திறந்து மூடிக்கொள்ளுமாம். முன்னோடித் திட்டத்துக்கு நம் ஊர் கிடைத்தது பாக்கியம் என்று பொறியாளர் ஹரிஹரசுப்ரமணியன் நாற்பது நிமிடம் படம் போட்டுக் காட்டினார். மக்கள் கருத்தைச் செல்போனிலேயே பதியலாம் என்றார். மூன்று பதில்கள் இருந்தன: மிக்க மகிழ்ச்சி, மகிழ்ச்சி, ஓரளவு மகிழ்ச்சி. செவ்வந்தி நாலாவதைத் தேடித் திரையை மேலும் கீழும் தள்ளிப் பார்த்தார்.

பிறகு எழுந்தார். "சார், எங்க பயிரு தொண்டைக்கதிரா நிக்குது, கதிரு வெளிய வர்ற நேரம். பத்து நாள் தண்ணி இல்லன்னா எல்லாம் பதருதான். உங்க மெஷினு மூடிக்கிச்சுன்னா நான் யாருகிட்ட போயி நிக்கிறது?"

புகார் எண் உண்டு என்றார் பொறியாளர். செவ்வந்தி அங்கேயே அழைத்து, ஸ்பீக்கரில் போட்டார். தமிழுக்கு ஒன்றை அழுத்தச் சொன்னது. அழுத்தினார். வீணை வந்தது. சபை முழுவதும் மரியாதையாக உட்கார்ந்து கேட்டோம்.

கையால் திறக்க ஒரு கைப்பிடி, அதன் சாவி ஊரில்: இவர் கேட்டது இவ்வளவுதான். பொறியாளர் நல்ல மனிதர், தயங்கித் தயங்கித்தான் சொன்னார்: இடையில் ஆள் திறந்தால் ஆய்வு கெட்டுப்போகும்.

"ஆய்வு கெட்டா அடுத்த வருசம் பண்ணிக்கலாம் சார். எனக்குப் பயிரு கெட்டா?"

எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. நான் 'மிக்க மகிழ்ச்சி'யை அழுத்திக் கால் மணி நேரம் ஆகியிருந்தது.

எங்கள் ஊரில் ஒரு வழக்கம் உண்டு. தீர்மான நோட்டில் மேலே இடம் விட்டு, முதலில் எல்லோரும் கையெழுத்துப் போட்டுவிட வேண்டும். ஊராட்சிச் செயலர் துரைராசு தீர்மானத்தைப் பிற்பாடு சாவகாசமாக எழுதிக்கொள்வார். யாரும் இதைத் தப்பாக நினைத்ததில்லை. கையெழுத்து விழுந்தால்தான் டீ வரும். அன்று நாற்பத்தொன்பது விழுந்துவிட்டது; ஐம்பது இல்லாமல் தீர்மானம் செல்லாது.

"எழுதிட்டுக் குடுங்கண்ணே, போடறேன்" என்றார் செவ்வந்தி.

துரைராசு பொறியாளரைப் பார்த்தார். பொறியாளர் கடிகாரத்தைப் பார்த்துவிட்டு, எழுதச் சொன்னார். மதகு வரலாம், கைப்பிடியோடு, சாவி ஊரிடம். செவ்வந்தி இரண்டு தடவை வாசிக்கச் சொல்லிக் கேட்டார்.

கடைசி வரிக்குக் கீழே அரைப் பக்கம் காலியாகக் கிடந்தது. பேனாவை வாங்கி, அந்தக் காலி இடத்தில் மூலைக்கு மூலை ஒரு கோடு இழுத்தார். அதற்கு அடியில் கையெழுத்துப் போட்டார்.