ஒறம்பரைக்குப் போட்ட இட்லி

பாலக்காட்டு எல்லையில் இருக்கிற எங்கள் கொழிஞ்சாம்பாறையில் பஸ் நிற்கிற இடத்துக்குப் பக்கத்தில் ஒரு கீற்றுச் சாய்ப்பு இறக்கி நான் இட்லிக்கடை வைத்தது எழுபதுகளின் நடுவில். இன்றைக்கும் பொள்ளாச்சி பஸ்ஸின் ஹாரன் கேட்டால் கை தானாக இட்லித் தட்டைத் தேடுகிறது. அவ்வளவு ஆசையாகச் செய்த வேலை.

அதற்கு முன் கடலைக்காட்டில் களை எடுப்பதும் மாட்டுக்குச் சோளத்தட்டு அறுப்பதும்தான் எனக்குத் தெரிந்த பிழைப்பு. கிணறு அடுத்தடுத்த கோடைகளில் வற்றிப்போனதும், கோயமுத்தூர் மில்லுக்கு வேலைக்குப் போகிறேன் என்று என் வீட்டுக்காரர் கிளம்பப் பார்த்தார். எனக்கு வந்ததே கோபம்!

"நீங்க அங்க, நாங்க இங்க, இதுக்குப் பேரு குடும்பமுங்களா? எனக்குச் சமைக்கத் தெரியும். சந்தை நாள்ல மட்டும் கடை போட்டுப் பாக்கறனுங்க. தை வரைக்கும் பாருங்க. தேறலைன்னா போங்க" என்றேன். அவரும் சரி என்றார்.

மாமியாருக்குத்தான் பிடிக்கவில்லை. வாசலுக்கு வந்தவர்களுக்கெல்லாம் சோறு போட்டுப் பேர் வாங்கிய குடும்பம் அது. "சோத்தப் போயி விக்கறதா? சனம் சிரிக்காதா?" என்று கேட்டவர், அதோடு என்னிடம் பேச்சை நிறுத்திவிட்டார்.

வாரத்தில் ஒரு நாள் அடுப்பு, மற்ற நாளெல்லாம் களைக்கொத்து. அப்படித்தான் ஆரம்பித்தேன். பழகப் பழகப் பயம் விட்டது. மலையாளக் கண்டக்டர் ஒருவர், "சேச்சீ, ஒரு சாயா கூடி" என்று இரண்டாவது டம்ளர் கேட்ட அன்று எனக்குத் தலைகால் புரியவில்லை. பிறகு சந்தைக்கு முந்தின நாளும் கடையைத் திறந்தேன்.

கை தேறிவிட்டது, வாய்தான் தேறவில்லை. வெளியாட்களிடம் கூசாமல் காசு வாங்குவேன். ஆனால் சந்தைக்கு வருகிறவர்களில் பாதிப் பேர் எங்கள் ஒறம்பரை: மாமன், மச்சான், பங்காளி, சம்பந்தி வீடு. "இன்னும் ரெண்டு வைக்கறனுங்க" என்று நானே வற்புறுத்துவேன். அவர்கள் மடியை அவிழ்த்தால், "அட, நம்மூட்டுல தின்னுட்டுக் காசாமா! போயிட்டு வாங்க" என்று வாய் முந்திக்கொள்ளும். அப்படி வளர்ந்த வாய். அதற்கு மேலும் காசைத் திணித்தால் எங்களை அவமதித்ததாகிவிடும் என்று அவர்களும் போய்விடுவார்கள். தை பிறந்தபோது உளுந்து வாங்கக்கூட வழியில்லை. வீட்டுக்காரர் கோயமுத்தூர் போகத் துணி மடித்து வைத்தார்.

அந்த வாரச் சந்தைக்கு மாடு பார்க்க வந்த மாமியார், வெயில் தாங்காமல் கடைக்குள் ஒதுங்கினார். அங்கே அவருடைய கூடப்பிறந்த தம்பியே சாப்பிட்டுக் கை கழுவிக்கொண்டிருந்தார். அவர் மடியைத் தடவ, நான் வழக்கம்போல, "இருக்கட்டுமுங்க" என்றேன்.

"என்னத்த இருக்கட்டும்?" என்று மாமியார் எழுந்தே விட்டார். "ஏண்டா, விடியறதுக்கு முன்னால எந்திரிச்சு இந்தப் புள்ள அடுப்புல வேகறா. நீ ஏப்பம் உட்டுட்டுப் போறயா? எடுத்து வெய்யி!"

தம்பிக்கு முகம் செத்துவிட்டது. "நானென்ன தரமாட்டேன்னா சொன்னேன்? இந்தப் புள்ளதான் வேண்டாங்குது."

"அவ வேண்டாம்னுதான் சொல்லுவா. நான் சொல்ல மாட்டேன்."

அன்று முழுக்க மாமியார் கடை வாசலிலேயே உட்கார்ந்துகொண்டு ஒறம்பரை ஒருத்தரையும் விடவில்லை. அதிசயம், யாரும் கோபித்துக்கொள்ளவும் இல்லை. "இத்தன நாளாத் தின்னது தொண்டையில நின்னுச்சு அம்மிணி" என்று ஒரு பங்காளி சிரித்தார்.

சாயங்காலம் பாத்திரம் கழுவும்போது, "நாளையிலிருந்து தெனமும் தொற. காட்டு வேலைய நான் பாத்துக்கறேன்" என்றார் மாமியார்.

"சனம் சிரிக்குமுங்களே அத்தை" என்று வேண்டுமென்றே அவர் வாயைக் கிளறினேன்.

"சிரிக்கட்டும் புள்ள. எம்மவன் ஊட்டுல இருப்பானல்லோ" என்றவர் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டார். அவர் அழுது நான் பார்த்தது அன்றைக்கு மட்டும்தான்.