மேல் அறையில் நான் மாட்டிய கலண்டர்

லண்டன் குட்மேய்ஸில் எங்கள் வீட்டு மேல் அறையில் வாடகைக்கு இருந்தவளுக்கு முப்பத்தாறு வயது. விவாகரத்தானவள். வந்த மூன்றாம் மாதம் குசினியில் என் முன்னால் உட்கார்ந்து, தன் வேலை என்னவென்று தானாகவே சொன்னாள். அறையில் தனியாக, முகம் காட்டாமல், தன் உடம்பைப் படமெடுத்து இணையத்தில் விற்கிறாள். ஈஸ்ட் ஹாமில் இருக்கும் தாய்க்கு மட்டும் தெரியக் கூடாது, தெரிந்தால் அந்த மனிசி உயிரோடு இராது என்றாள்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இரண்டு நாள் அவள் முகத்தில் விழிக்கவில்லை. மூன்றாம் நாள் கோபத்தைவிட ஆவல் பெரிதாகிவிட்டது. இலவசமாகக் கொட்டிக் கிடப்பதற்கு யார் காசு கொடுக்கிறார்கள் என்று கேட்டேன்.

பளபளப்பானவைதான் இலவசமாகக் கிடக்கின்றன, ஆட்கள் தேடுவது மெய்யான ஒரு வீட்டை என்றாள். ஒருமுறை நல்ல கமராவும் விளக்கும் வாங்கி, சுவருக்குத் துணி கட்டி எடுத்தாளாம். சந்தா கட்டியவர்களில் பாதிப்பேர் விலகிவிட்டார்கள். திரும்பவும் போனுக்கும் பழைய போர்வைக்கும் ஹீட்டரில் காயும் காலுறைக்கும் வந்தபோதுதான் வருமானமும் திரும்பி வந்தது. அதிலும் ஒரு பங்கை இணையத்தளம் எடுத்துக்கொள்ளும். கேட்கக் கேட்க எனக்கு மனம் கனத்தது.

வருடம் பிறந்தால் ஈஸ்ட் ஹாம் மளிகைக் கடையில் சாமிப்படக் கலண்டர் தருவார்கள். நான் நாலைந்து வாங்கிவந்து அறைக்கு ஒன்றாக மாட்டுவேன். அவள் இல்லாத நேரம் அவள் அறையிலும் மாட்டினேன். பார்த்துச் சிரித்தாள், கழற்றவில்லை.

மாசி மாதம், சந்தா கட்டியவர்களில் ஒருவன் அவளுக்கு எழுதினான். படத்தில் அவளுக்குப் பின்னால் தெரிந்த கலண்டரில் இருந்த கடையின் பெயரைச் சொல்லி, சனிக்கிழமை அங்கே வந்து அவளைப் பற்றி விசாரிக்கப் போவதாக. அவளுடைய தாய் சனிக்கிழமைகளில் மரக்கறி வாங்கும் கடை அது.

அன்றிரவே எல்லாப் படங்களையும் அழித்தாள். விடிய, பெட்டி கட்டினாள். நான் மன்னிப்புக் கேட்டேன்.

"உங்களிலை பிழையில்லை அக்கா. முகத்தை மறைச்சன், சுவரைப் பாக்கேல்லை."

லண்டனை விட்டே போய்விட்டாள். அவன் வந்தானா என்பது எனக்குத் தெரியாது. இந்தத் தை மாதம் அதே கடையில் அவளுடைய தாயைக் கண்டேன். மகளைப் பார்க்க முன்பு எங்கள் வீட்டுக்கு வந்தவர். என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"அவள் ஏன் பிள்ளை என்னை விட்டிட்டுப் போனவள்? நான் ஏதும் பிழை விட்டனானோ?"

வேலை மாற்றம் என்று பொய் சொன்னேன். கடைக்காரர் எங்கள் இருவரின் பைகளிலும் புதுக் கலண்டரைச் செருகினார். வேண்டாம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.